கவர்னர் அண்ணனாக நடித்த படம்

“என் வீட்டு ஆள் ஒருத்தர் உள்ள இருந்து, குணமாயிடுச்சுன்னு டாக்டர் சொல்றார்னு வைங்க. அவர் சொல்லி வாயை மூடறதுக்குள்ள நான் கூட்டிட்டுப் போய் வீட்டு வாசல்ல இறக்கியிருப்பேன். சொந்தபந்தம்கூட வேணாம். தெரிஞ்ச முகமா இருந்தாலே போதும். என்னை மாதிரி பத்துப் பேர் இந்த ஊர்ல இருந்தா இந்த ஆஸ்பத்திரிக்குப் பூட்டே தேவையில்ல!”

இப்படி முழங்கியவர் அந்த மனநல மருத்துவமனையின் முன்வாசல் காவலர். பூட்டை நம்பியே சம்பளம் வாங்குகிற ஒருவர் பூட்டே தேவையில்லை என்று பேசுவதற்கு எவ்வளவு பெரிய மனசு வேண்டும் என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். அந்த மனசின் அகலம் தெரிந்துதான் ஊழியர்கள் அவருக்குக் ‘கவர்னர்’ என்று பட்டம் கொடுத்திருந்தார்கள். கொடுத்தவர்கள் கேலியாகத்தான் கொடுத்தார்கள். வாங்கிக்கொண்டவர் கேலியாக வாங்கிக்கொள்ளவில்லை.

கவர்னர் தினமும் சட்டைக்குக் கஞ்சி போட்டு, தொப்பியைத் துடைத்து, மீசையின் இரண்டு முனைகளுக்கும் சமநீதி வழங்கிவிட்டுத்தான் நாற்காலியில் அமர்வார். பெரிய டாக்டரின் கார் வந்தாலும் எழுந்து வருகிற நடையில் அவசரம் இருக்காது. ஹாரன் அடித்தால் இன்னும் மெதுவாக வருவார். கதவைத் திறப்பதை அவர் ஒரு வேலையாக நினைக்கவில்லை. அருளாக நினைத்தார்.

பார்வை நேரத்தில்தான் அவருடைய ஆட்சி முழு வீச்சில் நடக்கும். பையும் கையுமாக வருகிறவர்களை வரிசையில் நிறுத்தி ஆளுக்கொரு வார்த்தை விசாரிப்பார்.

“தம்பி, இந்தப் பழம் யாருக்கு?”

“எங்க அம்மாவுக்குங்க.”

“டாக்டர் என்ன சொன்னார்?”

“குணமாயிட்டாங்கன்னு சொன்னார். வீடு கொஞ்சம் சின்னதுங்க, அதான்…”

“அம்மாவுக்குப் பழம் வேணாம்பா. பையன்தான் வேணும். பையில இருக்கானா பாரு.”

வரிசையில் நிற்கிறவர்கள் சிரிப்பார்கள். அடுத்தது தங்கள் முறை என்று நினைவு வந்ததும் சிரிப்பை நிறுத்திக்கொள்வார்கள். பழம் கொண்டுவந்தவன் காது சிவக்க உள்ளே போவான். அடுத்த தடவை வராமலே இருந்துவிடுவான். கவர்னர் அதையும் தம் வெற்றிக் கணக்கில்தான் சேர்ப்பார். “ரோஷம் வந்துடுச்சு பாத்தியா? கூட்டிட்டுப் போயிடுவான்.” அந்த அம்மாள் உள்ளே பழமும் இல்லாமல் பையனும் இல்லாமல் இருப்பாள்.

அந்த மருத்துவமனையில் ஒரு வழக்கம் இருந்தது. உள்ளே வருவதற்கு நோய் வேண்டும். வெளியே போவதற்கு ஆள் வேண்டும். ‘ஆள்’ என்றால், வாசலில் வந்து நின்று, “இவங்க என் பொறுப்பு, ஏதாவதுன்னா என்னைக் கூப்பிடுங்க” என்று சொல்லிக் கையோடு கூட்டிப் போகிற ஒரு மனிதர். நோயைத் தேடி யாரும் அலைய வேண்டியதில்லை, அது தானாக வரும். ஆள் அப்படியில்லை. டாக்டர்கள் முடித்து வைத்த சிகிச்சைகள் பல, ஆள் இல்லாத காரணத்தால் இன்னும் அதே கட்டிலில் படுத்திருந்தன.

அப்படிப் படுத்திருந்தவர்களில் ஒருவர் தையலம்மா. மருத்துவமனையின் தையல் கூடத்தில் தலையணை உறை, திரைச்சீலை, நோயாளிச் சட்டை எல்லாம் அவர் கையால்தான் தைக்கப்பட்டன. அவர் வந்த புதிதில் சுவரோடு பேசுவார், சாப்பிட மறுப்பார், இரவெல்லாம் நடப்பார் என்பதெல்லாம் பழைய நர்ஸ்களுக்கே மங்கலாகத்தான் நினைவிருந்தது. மாத்திரை ஒன்றுக்கு இறங்கி, அதுவும் தூங்கும் நேரத்துக்கு என்றாகி வெகுகாலம் ஆயிற்று. கொண்டுவந்து சேர்த்த அண்ணன் முதலில் மாதாமாதம் வந்தார். அப்புறம் பண்டிகை விடுமுறைக்கு வந்தார். அப்புறம் வீடு மாறினார். புது விலாசத்தை எல்லோருக்கும் சொல்லிவிட்டு மருத்துவமனைக்குச் சொல்ல மட்டும் மறந்துபோனார். தங்கை குணமாகிவிட்டாள், அண்ணனுக்கு ஞாபக மறதி. குடும்பத்தில் ஒருவருக்காவது ஏதாவது இருந்தாக வேண்டும் போலிருக்கிறது.

இந்த நிலையில்தான் குறும்படம் வந்தது.

மனநல மருத்துவமனைக்குள் வாழ்க்கை எப்படி இருக்கிறது என்று வெளியுலகுக்கு உள்ளது உள்ளபடி காட்டுவதே நோக்கம் என்று டைரக்டரம்மா சொன்னார். கண்ணாடியைத் தலையில் ஏற்றிவைத்துக்கொண்டு, கண்ணாடி எங்கே என்று தேடுகிற, நல்ல மனசுள்ள பெண்மணி. உள்ளது உள்ளபடி காட்டுவதற்காக முதலில் வார்டுக்கு வெள்ளையடித்தார்கள். ஸ்டோரில் பூட்டி வைத்திருந்த புதுப் போர்வைகள் கட்டிலுக்கு வந்தன. அன்று மட்டும் சாப்பாட்டில் காய்கறி கண்ணில் பட்டது. கேமரா போனதும் போர்வைகள் ஸ்டோருக்கும் காய்கறிகள் தாங்கள் வந்த இடத்துக்கும் திரும்பிப் போயின.

படத்தின் கடைசிக் காட்சி இது: குணமான தங்கையை அண்ணன் வந்து கூட்டிப் போகிறார். தங்கையாக நடிக்கத் தையலம்மா சம்மதித்தார். அண்ணனாக நடிக்க நாடகக்காரர் ஒருவரை வரவழைத்திருந்தார்கள். அவர் கம்பீரமாக உள்ளே வந்தார். நோயாளி ஒருவர் அன்போடு கையைப் பிடித்துக் குலுக்கினார். நாடகக்காரர் கையை விடுவித்துக்கொண்டு, வயிறு சரியில்லை என்று சொல்லி வெளியே போனார். அந்த வயிறு அப்புறம் சரியாகவே இல்லை.

டைரக்டரம்மா தலையில் கைவைத்தார். கண்ணாடி தட்டுப்பட்டது. அந்த மகிழ்ச்சியில் நிமிர்ந்து பார்த்தபோது வாசலில் கவர்னர் யாரோ ஒருவருக்கு உபதேசம் செய்துகொண்டிருந்தார். மீசை, குரல், கையை வீசுகிற வீச்சு, எல்லாம் கச்சிதம்.

“சார், நீங்க அண்ணனா நடிக்கிறீங்களா?”

“நடிக்கறதா?” என்றார் கவர்னர். “எனக்கு நடிக்க வராதும்மா. மனசுல இருக்கறது தானா வரும்.”

பின்வாசல் காவலரைக் கூப்பிட்டு முன்வாசலைத் திறந்து மூடச் சொன்னார்கள். எப்போதும் வாயைப் பிளந்தபடி இருப்பதால் அவருக்குப் பெயர் கொட்டாவி. கவர்னர் தொப்பியைக் கழற்றி, வேறு சட்டை மாட்டி, கேட்டுக்கு வெளியே போய் நின்றார். ஒரு பையைக் கொடுத்து, “சும்மா செய்தித்தாளை வெச்சு அடைச்சுடுங்கம்மா, பாக்க நிறைஞ்சிருந்தா போதும்” என்று தையலம்மாவிடம் சொன்னார் டைரக்டரம்மா. தையலம்மா உள்ளே போய்விட்டு வந்தார். பை பார்க்க நன்றாகவே நிறைந்திருந்தது. தூக்கிய நர்ஸுக்குத்தான் சந்தேகம் வந்தது. செய்தித்தாள் இவ்வளவு கனக்காது. திறந்து பார்த்தார். மாற்றுத் துணிகள், சீப்பு, கத்தரிக்கோல் உறை, அண்ணன் பிள்ளையின் குழந்தைப் படம் ஒன்று. நர்ஸ் பையை மூடிக் கொடுத்தார்.

முதல் டேக்கில் கவர்னர் தங்கையின் கையைப் பிடித்து, “வாம்மா, நம்ம வீட்டுக்குப் போகலாம்” என்றார். எழுதிக் கொடுத்த வசனம் அவ்வளவுதான். ஆனால் மனசில் இருப்பது தானாக வருமல்லவா? “உன்னை ஒரு நாள்கூட இங்க விட்டிருக்கக் கூடாது! இந்த அண்ணன் பாவி! இனிமே என் உசுரு இருக்கற வரைக்கும்…” என்று கேமராவைப் பார்த்தே பேசினார். தையலம்மா அவர் கையோடு கேட்டைத் தாண்டினார். “கட்” என்று குரல் கேட்டது. கவர்னர் நின்றார், தையலம்மா நிற்கவில்லை. பையோடு ரோட்டோரம் வரை போய், வந்து நின்ற பஸ்ஸைப் பார்த்தார். ஏறுகிறவர்கள் ஏறினார்கள், பஸ் போயிற்று. அதற்குள் இரண்டு மூன்று பேர் அவரை நோக்கி ஓடினார்கள். அவர்கள் வந்து சேருவதற்கு முன் அவரே திரும்பி நடந்து வந்தார்.

“நல்லா பண்ணீங்கம்மா! அண்ணன் மட்டும் கேமராவைப் பாக்காம பேசுங்க. இன்னொரு டேக் போலாம். நீங்க மறுபடியும் உள்ள போய் நில்லுங்க.”

தையலம்மா உள்ளே போய் நின்றார். கொட்டாவி கேட்டைச் சாத்தினார்.

அடுத்த டேக்கில் நிழல் விழுந்தது. அதற்கடுத்ததில் கொட்டாவி கொட்டாவி விட்டார். பிறகு ஒரு காக்கை. பிறகு கவர்னர் துக்கம் மிகுந்து வசனத்தை மறந்தார். அந்த ஒரே மதியத்தில் தையலம்மா அத்தனை தடவை குணமாகி அத்தனை தடவை வீட்டுக்குப் போனார். அந்த மருத்துவமனையின் சரித்திரத்திலேயே அவ்வளவு வேகமாக யாரையும் வெளியே அனுப்பியதில்லை. உள்ளே திரும்ப அழைத்ததும் இல்லை. கடைசி டேக்கில் அவர் அழுதார். டைரக்டரம்மா பூரித்துப்போனார். “எவ்வளவு இயல்பா வருது பாருங்க!”

படத்தை மருத்துவமனைச் சாப்பாட்டுக் கூடத்தில் போட்டார்கள். புதுப் போர்வை ஒன்றே திரையாயிற்று. நோயாளிகள், ஊழியர்கள், வெளியிலிருந்து சில முக்கியஸ்தர்கள் என்று கூடம் நிறைந்திருந்தது. கவர்னர் முன்வரிசையில் தம்மையே பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். படம் முடிந்ததும் பெரிய டாக்டர் மைக்கைப் பிடித்து, வந்திருந்த ஒரு பெண்மணியை அறிமுகப்படுத்தினார். கடைவீதியில் தையற்கடை வைத்திருப்பவர். தையல் கூடத்தில் துணி கொடுத்துத் தைத்து வாங்குகிற பழக்கத்தில் தையலம்மாவின் கைத்திறன் அவருக்குத் தெரியும்.

“நான் சுத்தி வளைக்கல டாக்டர்,” என்றார் கடைக்காரம்மா. “இவங்க என் கடையில வேலை செய்யட்டும். பின்னாடி ரூம் காலியாத்தான் கிடக்கு, தங்கிக்கட்டும். ஆனா எனக்கும் பயம் இருக்காதா? யாராவது ஒருத்தர் கூட்டிட்டு வந்து விடணும். நாளைக்கு ஒண்ணுன்னா யாரைக் கூப்பிடறதுன்னு எனக்குத் தெரியணும். அவ்வளவுதான்.”

“நியாயம்தான்,” என்றார் பெரிய டாக்டர். “ஆள் வேணும்.”

கூடம் அமைதியானது. தையலம்மா யாரையும் பார்க்கவில்லை. மடியில் இருந்த கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த அமைதியைக் கவர்னரால் தாங்க முடியவில்லை. அமைதியை எப்போதுமே அவரால் தாங்க முடியாது. எழுந்தார். மைக் இருக்குமிடத்துக்குக் கால்கள் தாமாகப் போயின.

“ஆள் இல்லன்னு எவன் சொன்னான்? நான் இருக்கேன்! படத்துல மட்டும் அண்ணன்னு நினைச்சீங்களா? வர்ற திங்கட்கிழமை காலையில இந்தக் கையாலயே கூட்டிட்டுப் போறேன்!”

கைத்தட்டல் கூரையைப் பிளந்தது. டைரக்டரம்மா அழுதார். பெரிய டாக்டர் தோளைத் தட்டினார். தையலம்மா எழுந்து நின்று கைகூப்பினார். கவர்னருக்கு அன்று தரையில் கால் பாவவில்லை.

வீட்டுக்குப் போகிற வழியில் பாவியது. நடக்க நடக்க, ‘நாளைக்கு ஒண்ணுன்னா’ என்ற கடைக்காரம்மாவின் வார்த்தை காலில் முள்ளாக ஏறிக்கொண்டே வந்தது. இருந்தாலும் அவர் கலங்கவில்லை. வீட்டில் மனைவி இருக்கிறாள். இப்படிப்பட்ட தர்மசங்கடங்களிலிருந்து ஆண்களைக் காப்பாற்றுவதற்காகத்தானே மனைவிகள் மறுப்புச் சொல்கிறார்கள்?

விஷயத்தைச் சொல்லிவிட்டு, எதற்கும் வசதியாக இருக்கட்டும் என்று தாமே அடியெடுத்தும் கொடுத்தார். “உனக்குப் பிடிக்கலைன்னா சொல்லிடு. நான் ஒண்ணும் நினைச்சுக்க மாட்டேன். பைத்தியக்கார ஆஸ்பத்திரிப் பொம்பளை நமக்கு எதுக்குன்னு நாலு பேர் கேப்பாங்க…”

மனைவி துணி மடித்துக்கொண்டே கேட்டாள். “எந்த நாலு பேரு? நல்ல காரியம்தானே, செய்ங்க. நானும் கூட வரேன். புது ரூம்னு சொல்றீங்க, ஒரு பாயும் தலையணையும் எடுத்துட்டுப் போலாம்.”

“இல்ல, யோசிச்சுச் சொல்லு.”

“இதுல யோசிக்க என்னங்க இருக்கு? இத்தனை வருஷம் வீட்டுல உக்காந்து இதைத்தானே பேசறீங்க. இப்பதான் செய்யப் போறீங்க.”

கவர்னருக்கு அன்று சாப்பாடு இறங்கவில்லை. கட்டிய மனைவியே கைவிட்டால் மனிதன் எங்கே போவான்?

பெரிய டாக்டரிடம் போனார். “ஐயா, நான் ஊழியர். ஊழியரே ஆளா நிக்கறதுக்கு விதி இடம் கொடுக்காதே?”

“யார் சொன்னா? தாராளமா இடம் இருக்கு. உங்களை மாதிரி ஆள்தான் வேணும்.”

வார்டு நர்ஸிடம் போனார். “சிஸ்டர், உண்மையைச் சொல்லுங்க, முழுசா குணம்தானா? திரும்ப வந்துட்டா?”

“உங்களுக்கு ஜுரம் வந்தா திரும்ப வரவே வராதா அண்ணே? வந்தா கூட்டிட்டு வாங்க, மருந்து தர்றோம். அதுக்குத்தானே இருக்கோம்.”

கடைசியில் கொட்டாவியிடமே மனசைத் திறந்தார். கொட்டாவி வாயைப் பிளந்து முழுவதும் கேட்டுவிட்டு, “உனக்கு என்ன பயம்ப்பா?” என்றார்.

“பயம் என்ன பயம். பொறுப்புன்னு ஒண்ணு இருக்குல்ல.”

என்ன பயம் என்பது கவர்னருக்குத் தெரியும். யாரிடமும் சொல்லமுடியாத விஷயம் அது. இத்தனை காலம் கேட்டுக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து, குணமாகிவிட்டார்கள், கூட்டிப் போங்கள் என்று ஊருக்கெல்லாம் உபதேசம் செய்த மனிதர், உள்ளே இருக்கும் ஒருவர்கூடக் குணமாவார் என்று ஒரு நாளும் நம்பியதில்லை. உள்ளே இருப்பவர்கள் உள்ளே இருக்கப் பிறந்தவர்கள், வெளியே இருப்பவர்கள் திட்டு வாங்கப் பிறந்தவர்கள், நடுவில் உட்காரப் பிறந்தவர் தாம். உலகம் அப்படித்தான் அமைந்திருந்தது. இப்போது யாரோ அவரையும் வரிசையில் நிற்கச் சொல்கிறார்கள்.

திங்கட்கிழமை வந்தது. அதை வரவிடாமல் செய்ய வழி ஏதும் அவருக்குத் தோன்றவில்லை. தோன்றியது வேறொன்று.

“கொட்டாவி, இன்னைக்கு நீ முன்வாசல் பாரு. நான் பின்வாசல் பாத்துக்கறேன்.”

“ஏன்ப்பா? இன்னைக்கு நீ தங்கச்சியைக் கூட்டிட்டுப் போற நாள்ல?”

“அதான். மத்தியானம் போலாம்னு. வெயில் தாழட்டும்.”

“மத்தியானம் வெயில் தாழுமா?”

“சொன்னதைச் செய்யேன்யா!”

பின்வாசல் என்பது கவர்னர்கள் கால் வைக்கிற இடமல்ல. அழுக்குத் துணி வண்டியும் எச்சில் இலைத் தொட்டியும்தான் அந்த வழியாகப் போகும். நாற்காலியில் ஒரு கால் ஆடியது. கவர்னர் அதில் உட்கார்ந்து தொப்பியை முகத்துக்கு இறக்கிக்கொண்டார். முன்வாசல் பெஞ்சில் தையலம்மா விடிந்ததிலிருந்து பையோடு உட்கார்ந்திருக்கிறார் என்று துப்புரவுப் பெண் சொல்லிவிட்டுப் போனாள். தலையை வாரி, தாமே தைத்த புது உடுப்பு உடுத்தியிருக்கிறாராம். பார்வை நேரம் முடிந்தும் உட்கார்ந்திருக்கிறாராம். கடைக்காரம்மா இரண்டு தடவை போன் செய்தாராம். கவர்னர், “ம்” என்றார்.

மதியத்துக்கு மேல் பையோடு தையலம்மாவே பின்வாசலுக்கு வந்தார். கூட யாரும் இல்லை. சத்தம் போடவில்லை. ஆடுகிற நாற்காலிக்குப் பக்கத்தில் பையைக் கீழே வைத்தார்.

“அண்ணே.”

கவர்னர் எழுந்து நின்றுவிட்டார். பெரிய டாக்டருக்கே அவ்வளவு சீக்கிரம் எழுந்ததில்லை.

“இங்க டூட்டி போட்டுட்டாங்கம்மா. திடீர்னு.”

“கொட்டாவி அண்ணன் சொன்னாரு.” என்ன சொன்னார் என்று அவர் சொல்லவில்லை. “அண்ணே, நான் கோவமா வரல. ஒண்ணு மட்டும் கேக்க வந்தேன். முடியலைன்னா முடியாதுன்னு சொல்லிடுங்க. தப்பா நினைக்க மாட்டேன். நர்ஸம்மா, தானே ஆளா வரேன்னு சொல்றாங்க. ஆனா நீங்க வரேன்னு சபையில சொல்லிட்டதால பெரிய டாக்டர் வேற ஆளைப் பாக்கக் கூடாதுன்னுட்டாரு. உங்களுக்கு மரியாதைக் குறைவா போயிடுமாம். நீங்க ஒரு வார்த்தை முடியாதுன்னு சொன்னா, நான் இன்னைக்கே போயிடுவேன்.”

ஒரே ஒரு வார்த்தை. ஊரில் உள்ள அண்ணன்களையும் பிள்ளைகளையும் புருஷன்களையும் நாக்காலேயே வரிசையில் நிறுத்தி வைத்த மனிதருக்கு அது பெரிய காரியமா? கவர்னர் வாயைத் திறந்தார். முடியாது என்று சொன்னால் பெரிய டாக்டருக்குத் தெரியும். டைரக்டரம்மாவுக்குத் தெரியும். மனைவிக்குத் தெரியும். கைதட்டிய கைகள் அத்தனைக்கும் தெரியும்.

“யாரும்மா முடியாதுன்னது? கண்டிப்பா கூட்டிட்டுப் போறேன். இந்த வாரம் வீட்டுல கொஞ்சம் வேலை. அடுத்த வாரம் பாக்கலாம்.”

தையலம்மா அவர் முகத்தையே பார்த்தார். கூடப் பிறந்த அண்ணனின் குரலையே மறுபடி கேட்ட மாதிரி இருந்திருக்க வேண்டும்.

“எந்தக் கிழமைண்ணே?”

“சொல்றேன்மா.”

அழுக்குத் துணி வண்டி வந்து ஹாரன் அடித்தது. கவர்னர் ஓடிப்போய் இரண்டு கதவுகளையும் அகலத் திறந்தார். வண்டி வெளியே போய்த் திரும்பி மறைந்தது. திறந்த கேட்டுக்கும் தையலம்மாவுக்கும் நடுவில் ஒன்றுமில்லை. அந்தப் பக்கம் ஒரு சாதாரணத் தெரு. சைக்கிளில் ஒருவர் போனார். தையலம்மா பையை எடுத்துக்கொண்டு, ஆள் வந்தால்தான் போவேன் என்கிற மாதிரி, அசையாமல் நின்றார்.

“உள்ள போம்மா,” என்றார் கவர்னர். அவர் குரல் இவ்வளவு தாழ்ந்து யாரும் கேட்டதில்லை. “கேட்டைச் சாத்தணும்.”

தையலம்மா உள்ளே நடந்தார். கவர்னர் கதவுகளைச் சேர்த்து, பூட்டைப் போட்டு, விழுந்துவிட்டதா என்று ஒரு தடவை இழுத்துப் பார்த்தார். விழுந்திருந்தது.